சப்போரோ வீட்டில் ஒரு கேமரா

(திரைப்படச் சங்கக் கூட்டம் ஒன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



இன்று நான் பேசப்போவது முக்கியமாக ஒரு படத்தைப் பற்றி. ஃபுஜினோ டோமோஆகி என்ற ஜப்பானிய ஆவணப்பட இயக்குநர் தன் அப்பா, அம்மா, அக்கா மூவரையும் ஏறக்குறைய இருபது ஆண்டுகள் படம்பிடித்தார். அதிலிருந்து 101 நிமிடங்களைத் தொகுத்து நமக்குத் தந்திருக்கிறார். 2023இல் யமகாட்டா சர்வதேச ஆவணப்பட விழாவில் அது காட்டப்பட்டது. 2024 டிசம்பரில் ஜப்பானியத் திரையரங்குகளுக்கு வந்தது. படத்தின் பெயரே ஒரு கேள்வி. 'என்ன செய்திருக்க வேண்டும்?' என்று தமிழில் சொல்லலாம்.

படம் தொடங்கும்போது திரையில் காட்சி எதுவும் இல்லை, இருட்டுதான். அந்த இருட்டுக்குள்ளிருந்து ஒரு பெண்ணின் கூச்சல் வருகிறது. கோபமா, அழுகையா, யாரைப் பார்த்துக் கத்துகிறார் என்று எதுவும் பிடிபடுவதில்லை. 1992இல் பதிவான குரல் அது. அப்போது ஃபுஜினோ கையில் கேமரா கிடையாது. அவர் திரைப்படக் கல்லூரியில் சேர்ந்ததே அதற்குப் பிறகுதான், அதுவும் ஒலிப்பதிவுப் பிரிவில். ஊரைவிட்டு வேலைக்குக் கிளம்பிய ஒரு தம்பி, தன் அக்காவின் குரலை நாடாவில் பிடித்து வைத்திருக்கிறார். அந்த வீட்டில் நடந்துகொண்டிருந்ததற்கு வெளியே காட்டக்கூடிய வேறு சாட்சியம் எதுவும் அப்போது இல்லை.

அடுத்து, படத்தின் நோக்கம் எழுத்தில் வருகிறது. அக்காவுக்கு நோய் ஏன் வந்தது என்று கண்டுபிடிப்பது இந்தப் படத்தின் வேலை இல்லை, மனச்சிதைவு என்றால் என்ன என்று விளக்குவதும் இல்லை என்கிறார் இயக்குநர். மனநோய் பற்றிய படம் என்று கேள்விப்பட்டு வந்து உட்கார்ந்தவருக்கு இது ஏமாற்றமாகக்கூட இருக்கலாம். எனக்கு அந்த வரிகள்தான் படத்துக்குள் போகும் வாசல். நோய்க்கு விளக்கம் தேடுவதை நிறுத்திவிட்டால் கண்ணில் படுவது குடும்பம். யார் என்ன முடிவெடுத்தார், யார் வாயைத் திறக்கவில்லை, அன்றைக்கு யார் சோறு போட்டார் என்பதெல்லாம் அப்போதுதான் தெரிய ஆரம்பிக்கிறது.

கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். குடும்பத்தின் வீடு ஜப்பானின் சப்போரோ நகரில். அக்காவின் பெயர் படத்தில் வருகிறது. நான் இங்கே அக்கா என்றே சொல்கிறேன்.

அக்கா தம்பியைவிட எட்டு வயது மூத்தவர். அப்பாவும் அம்மாவும் மருத்துவம் படித்து ஆராய்ச்சியில் ஈடுபட்டவர்கள். அவர்களைப் போலவே மருத்துவராக வேண்டும் என்று அக்காவும் மருத்துவக் கல்லூரியில் சேர்ந்தார். 1983இல், இருபத்து நான்கு வயதில், ஓர் இரவு திடீரென்று யாருக்கும் புரியாத எதையெதையோ சொல்லிக் கத்த ஆரம்பித்தார். ஆம்புலன்ஸ் வந்து மனநல மருத்துவமனைக்குக் கொண்டுபோனது. மறுநாளே அப்பா வீட்டுக்கு அழைத்து வந்துவிட்டார், பெண்ணுக்கு ஒன்றுமில்லை என்று. அதன்பின் 2008 வரை, இருபத்தைந்து ஆண்டுகள், அக்காவுக்குச் சிகிச்சை என்று எதுவும் நடக்கவில்லை. மருத்துவத் தேர்வுக்குப் படி என்று மட்டும் பெற்றோர் சொல்லிக்கொண்டிருந்தார்கள். தம்பி வாதாடிப் பார்த்தார், பலிக்கவில்லை. மனத்தாங்கலோடு வீட்டைவிட்டுப் போனார். 2001 முதல், ஊருக்கு வரும்போதெல்லாம் கேமராவோடு வந்தார்.

இரண்டு மருத்துவர்கள் இருந்த வீட்டில் இது எப்படி நடந்தது? படம் பார்த்தவர்கள் எல்லோரும் முதலில் கேட்பது இதைத்தான். படிக்காதவர்களும் பேய், செய்வினை என்று நம்புகிறவர்களும்தான் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிவர மாட்டார்கள் என்று நமக்கு ஒரு நினைப்பு இருக்கிறது. இந்தப் படம் அந்த நினைப்பை முதல் பத்து நிமிடங்களிலேயே உடைத்துவிடுகிறது. மனச்சிதைவுக்கான முதல் நவீன மருந்தாகிய குளோர்ப்ரோமசினைப் பாரிஸில் நோயாளிகளுக்குக் கொடுத்துப் பார்த்தது 1952இல். அக்காவுக்கு உடம்பு சரியில்லாமல் போனபோது அது முப்பது வருடப் பழைய செய்தி. அந்தப் பெற்றோர் அறியாததல்ல.

அப்படியானால் அவர்களைக் கல்நெஞ்சக்காரர்கள் என்று சொல்லிவிட்டுப் போகலாமா? என்னால் முடியவில்லை. அவர்கள் வாழ்ந்த நாட்டில் மனநோய் வந்தவருக்கு என்ன நேர்ந்தது என்பதையும் கொஞ்சம் பார்க்க வேண்டும்.

1900இல் ஜப்பான் ஒரு சட்டம் போட்டது. மனநோயாளியைக் காவலில் வைக்கும் பொறுப்பு குடும்பத்துக்கு என்றது அந்தச் சட்டம். அதிகாரிகளின் அனுமதி வாங்கி வீட்டுக்குள்ளேயோ கொல்லையிலேயோ கூண்டு போன்ற அறை கட்டி, அதில் பூட்டி வைக்கலாம். டோக்கியோ இம்பீரியல் பல்கலைக்கழகப் பேராசிரியர் குரே ஷூசோ தன் உதவியாளர்களை மாகாணம் மாகாணமாக அனுப்பி அந்த அறைகளைப் பார்வையிடச் செய்தார். நூற்றுக்கும் மேற்பட்ட நேர்வுகளை அளவுகளோடும் புகைப்படங்களோடும் 1918இல் அறிக்கையாக வெளியிட்டார். நோய் வந்தது ஒரு துயரம், இந்த நாட்டில் பிறந்தது இன்னொரு துயரம் என்ற பொருளில் அவர் அதில் எழுதியதை ஜப்பானிய மனநல மருத்துவர்கள் இன்றும் நினைவுகூர்கிறார்கள். மரச்சட்டங்களுக்குப் பின்னால் மனிதர்கள் உட்கார்ந்திருக்கும் அந்தப் புகைப்படங்களை இணையத்தில் நீங்களும் பார்க்கலாம். இந்த விஷயத்தில் கேமரா வீட்டுக்குள் போனது ஃபுஜினோவோடு தொடங்கவில்லை. அவருக்கு எண்பது, தொண்ணூறு ஆண்டுகள் முன்பே குரேயின் ஆட்கள் போயிருக்கிறார்கள்.

வீட்டுக் காவல் முறை 1950இல் சட்டப்படி ஒழிந்தது. அமெரிக்க நிர்வாகத்தில் இருந்த ஒகினாவாவில் 1972 வரை நீடித்தது. ஹரா யோஷிகசு அதைப் பற்றி 2020இல் தனியாக ஓர் ஆவணப்படமே எடுத்திருக்கிறார். கூண்டு போன இடத்தில் மருத்துவமனை வந்தது. 1964 மார்ச்சில் அமெரிக்கத் தூதர் ரைஷவரை மனநோய் இருந்த ஒரு பத்தொன்பது வயது இளைஞன் கத்தியால் குத்தினான். மனநோயாளிகளை வெளியே நடமாடவிட்டது யார் என்று பத்திரிகைகள் கூச்சல் போட்டன. மறு ஆண்டே சட்டம் திருத்தப்பட்டது. தனியார் மனநல மருத்துவமனைகள் பெருகின. மக்கள்தொகைக்கு ஏற்ப எண்ணிப் பார்த்தால் மனநோயாளிகளுக்கான படுக்கைகள் வளர்ந்த நாடுகளிலேயே ஜப்பானில்தான் அதிகம். உள்ளே போனவர்களில் பலர் வருடக்கணக்கில் வெளியே வருவதில்லை. அக்காவுக்கு நோய் கண்ட அதே 1983இல், டோச்சிகி மாகாணத்தில் ஒரு தனியார் மனநல மருத்துவமனையில் ஊழியர்கள் அடித்ததில் நோயாளிகள் இறந்தார்கள். 1984இல் செய்தி வெடித்தது. நாடு முழுக்கப் பேசினார்கள். 1987இல் சட்டத்தையே மாற்ற வேண்டியதாயிற்று.

மருத்துவ உலகம் குடும்பங்களுக்குச் செய்த இன்னொரு அநியாயமும் உண்டு. 1948இல் ஃப்ரீடா ஃப்ரொம்-ரைக்மன் என்ற மனநல மருத்துவர் எழுதிய கட்டுரை ஒன்றிலிருந்து, பிள்ளைக்கு மனச்சிதைவு வருவது தாயின் வளர்ப்பால்தான் என்ற எண்ணம் பரவியது. ஆதாரம் இல்லாத கருத்து என்று பின்னால் கைவிட்டார்கள். அதற்குள் இரண்டு தலைமுறைத் தாய்மார்கள் ஆஸ்பத்திரி வாசலில் குற்றவாளி போல நின்றுவிட்டார்கள். படித்த குடும்பத்துக்குத்தான் இந்தக் கருத்து முதலில் எட்டியிருக்கும்.

இதெல்லாம் அந்தப் பெற்றோர் செய்ததைச் சரியாக்கிவிடாது. அவர்கள் பயத்துக்குக் காரணங்கள் இருந்தன என்று மட்டும்தான் சொல்கிறேன். ஆஸ்பத்திரியில் விட்டால் பெண் திரும்பி வர மாட்டாள் என்று அஞ்சுவதற்கு அந்த நாட்டில் அன்று இடம் இருந்தது.

இப்போது வீட்டுக்குள் போவோம். ஃபுஜினோ என்ன படம்பிடித்திருக்கிறார்? பெரும்பாலும் சாப்பாட்டு மேசை. நால்வரும் உட்கார்ந்திருக்கிறார்கள். அப்பா பேசுகிறார், அம்மா எடுத்து வைக்கிறார். அக்கா பேசாமல் இருக்கிறார், அல்லது பேச ஆரம்பித்தால் நிறுத்துவதில்லை. குடும்பமாக வெளியே போய்வருகிற காட்சிகளும் இருக்கின்றன. தம்பி கேமராவுக்குப் பின்னாலிருந்து அக்காவைக் கூப்பிடுகிறார். எப்படி இருக்கிறாய், என்ன நினைக்கிறாய், ஏதாவது சொல்லேன் என்கிறார். பதில் வராது. அடுத்த தடவை வரும்போது மறுபடி அதையே கேட்பார். குரல் உயர்வதில்லை. என்னை மிகவும் பாதித்தது அந்தக் குரல்தான். அக்கா பதில் சொல்லக்கூடியவர் என்று அந்த வீட்டில் நம்பிக்கொண்டிருந்த ஒரே ஆள் அவர்.

பெற்றோரிடமும் கேட்கிறார். அம்மாவைக் கேட்டால் அப்பாவைக் காட்டுகிறார். பல வருடம் கழித்து அப்பாவைக் கேட்டால் அம்மாவைக் காட்டுகிறார். யாரும் பொய் சொல்வதாக எனக்குத் தோன்றவில்லை. ஒருவர் மனம் நோகக் கூடாது என்று இன்னொருவர் நினைத்து, கடைசியில் முடிவு யாருடையது என்று இருவருக்குமே தெரியாமல் போயிருக்கிறது.

பிறகு ஒரு தடவை தம்பி ஊருக்கு வரும்போது வாசல் கதவில் சங்கிலியும் பூட்டும் தொங்குகின்றன. அக்கா வெளியே போய்விடக் கூடாது என்று பெற்றோர் போட்டது. கேமரா அந்தப் பூட்டைப் பார்க்கிறது. பின்னணியில் யாரும் எதுவும் சொல்லி நம்மைத் தயார்ப்படுத்துவதில்லை.

இந்தப் படம் எனக்குக் காட்டியதைச் சொல்லவேண்டிய இடத்துக்கு வந்துவிட்டேன். மகளை இருபத்தைந்து ஆண்டுகள் மருந்தில்லாமல் வீட்டில் வைத்திருப்போம் என்று எந்தப் பெற்றோரும் ஒருநாள் உட்கார்ந்து முடிவெடுப்பதில்லை. இந்த வாரம் போகட்டும் என்றுதான் நினைக்கிறார்கள். தேர்வு முடியட்டும், குளிர்காலம் கழியட்டும், இவர் ஓய்வு பெறட்டும். ஒவ்வொன்றும் தனித்தனியே பார்த்தால் சின்னத் தள்ளிப்போடல், மன்னிக்கக்கூடியது. அவற்றை ஒன்றாகச் சேர்த்துப் பார்க்கும் வசதி வீட்டுக்குள் இருப்பவருக்குக் கிடைப்பதில்லை. வருடத்துக்குச் சில தடவை வந்து அதே மேசையை, அதே நாற்காலிகளை, நரைத்துக்கொண்டே போகும் அதே தலைகளை எடுத்துச் சென்ற ஒரு கேமராவுக்குத்தான் கிடைத்தது. இரண்டு மாதம் வந்து எடுத்துவிட்டுப் போகும் படக்குழுவால் இதைக் காட்டவே முடியாது.

நம் ஊரில் இந்தத் தள்ளிப்போடல் எப்படிப் பேசும் என்று உங்களுக்கு நான் சொல்லித்தர வேண்டியதில்லை. தங்கச்சி கல்யாணம் முடியட்டும். ஆடி போகட்டும். ஒரு கல்யாணத்தைப் பண்ணிவைத்தால் தானாகச் சரியாகிவிடும். நாலு பேருக்குத் தெரிந்தால் என்ன ஆவது. சென்னையில் டாக்டர் சாரதா மேனன் தொடங்கிய ஸ்கார்ஃப் நிறுவனத்தைச் சேர்ந்த ஆய்வாளர்கள், இந்த நகரத்திலேயே மனச்சிதைவு இருந்தும் ஒருபோதும் சிகிச்சைக்கு வராதவர்களைத் தேடிக் கண்டு, 1998இல் ஆய்வுக் கட்டுரை வெளியிட்டார்கள். நவீன மருத்துவமனைகள் நிறைந்த ஊரிலும் அப்படிப்பட்டவர்கள் வீடுகளுக்குள் இருந்தார்கள்.

அடுத்த கேள்வி கடுமையானது. தம்பி ஏன் படம் எடுத்துக்கொண்டிருந்தார்? பூட்டை உடைத்து அக்காவைக் கூட்டிப்போயிருக்க வேண்டாமா? படத்தைப் பார்த்துக் கோபத்தோடு எழுந்தவர்கள் கேட்பது இதுதான். நானும் முதல் தடவை பார்த்தபோது மனதுக்குள் கேட்டேன். ஃபுஜினோ இந்தக் கேள்வியிலிருந்து ஒளிந்துகொள்ளவில்லை. தலைப்பில் இருக்கும் கேள்வி தன்னையும் பெற்றோரையும் பார்வையாளரையும் ஒருசேரக் கேட்பது என்று சொல்லியிருக்கிறார். ஆனால் ஒன்றை யோசித்துப் பாருங்கள். வீட்டோடு சண்டை போட்டு அவர் உறவையே அறுத்துக்கொண்டிருந்தால் அந்தக் கதவு அவருக்கும் மூடியிருக்கும். அக்காவோடு பேச ஓர் ஆளும் இருந்திருக்க மாட்டார். கேமரா அவர் அந்த வீட்டுக்குள் திரும்பத் திரும்ப வருவதற்கு ஒரு காரணமாக இருந்தது. பெற்றோரிடம் கேட்க முடியாத கேள்விகளைக் கேட்பதற்கு ஒரு தைரியமாகவும் இருந்திருக்கும் என்று நினைக்கிறேன். இது போதுமா என்றால், போதாது. இருபத்தைந்து ஆண்டு போனது போனதுதான்.

2008இல் அம்மாவுக்கு மறதிநோய் தொடங்கியிருந்தது. இனி வீட்டில் பார்த்துக்கொள்ள முடியாது என்ற நிலையில் அப்பா இறங்கிவந்தார். அக்கா மருத்துவமனையில் சேர்ந்தார். பொருந்தும் மருந்து கிடைத்தது. மூன்று மாதத்தில் வீட்டுக்குத் திரும்பினார்.

அதற்குப் பிறகு வரும் காட்சிகளைப் பார்ப்பதுதான் எனக்கு மிகவும் கஷ்டமாக இருந்தது. கத்தலையும் பூட்டையும்கூடத் தாங்கிக்கொண்டேன். இப்போது அக்கா பேச்சுக்குப் பதில் சொல்கிறார். சமைக்கிறார். தம்பியின் கேமராவைப் பார்த்து இரண்டு விரலை விரித்துக் காட்டுகிறார். மூன்று மாதத்தில் இவ்வளவு முடியும் என்றால் 1983இலேயே கூட்டிப்போயிருந்தால் என்று மனம் கணக்குப் போட ஆரம்பிக்கிறது. அன்று இருந்த மருந்து இதே பலனைத் தந்திருக்கும் என்று நிச்சயமாகச் சொல்ல முடியாது. மருந்து ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு விதமாக வேலை செய்கிறது. ஆனால் சிகிச்சையில்லாமல் கழியும் காலம் நீள நீள, குணமாகும் வாய்ப்பு குறைகிறது என்பது பல நாட்டு ஆய்வுகள் திரும்பத் திரும்பக் கண்டது. அவ்வளவு நீண்ட காலத்துக்குப் பிறகும் அக்கா இவ்வளவு மீண்டார் என்பதையும் இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். இங்கே யாராவது, எங்கள் வீட்டில் காலம் கடந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டிருந்தால், அந்தக் காட்சிகளைப் பாருங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன்.

இதற்கு நேர் எதிரான ஒரு வீட்டையும் காட்ட வேண்டும். அது அமெரிக்காவில், டெக்சாஸில் இருக்கிறது. ஜானதன் கவுவெட் எடுத்த 'டார்னேஷன்' 2004 ஜனவரியில் சன்டான்ஸ் விழாவில் காட்டப்பட்டது. கம்ப்யூட்டரோடு இலவசமாக வரும் மென்பொருளில் தொகுத்து, 218 டாலர் 32 சென்ட் செலவில் முதல் வடிவத்தை முடித்தார் என்பது அன்று பெரிய செய்தியானது. அந்தத் தொகையைப் பற்றி எழுதிய அளவுக்கு அவருடைய அம்மாவைப் பற்றி எழுதவில்லையே என்று எனக்கு வருத்தம் உண்டு.

அம்மா ரெனே சிறுமியாக இருந்தபோது விளம்பரங்களுக்குப் படம் எடுக்கப்பட்ட அழகான குழந்தை. ஒருநாள் வீட்டுக் கூரையிலிருந்து விழுந்து, சில மாதங்கள் நடக்க முடியாமல் கிடந்தார். இது மனத்தில் இருக்கும் கோளாறு, ஷாக் கொடுத்தால் சரியாகும் என்று யாரோ சொன்னதைக் கேட்டுப் பெற்றோர் சம்மதித்தார்கள். அதன்பின் ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்குமாக ரெனேயின் வாழ்க்கை ஓடியது. ஷாக் சிகிச்சை இன்று மயக்க மருந்து கொடுத்து, அளவோடு செய்யப்படுகிறது. கடும் மனச்சோர்வில் உயிரைக் காப்பாற்றவும் செய்கிறது. ரெனேக்கு நடந்தது அந்தக் காலத்து ஷாக், அதுவும் ஒரு சிறுமிக்கு.

சப்போரோவில் பெற்றோர் மருத்துவத்தை வீட்டு வாசலோடு நிறுத்தினார்கள். டெக்சாஸில் கேள்வி கேட்காமல் உள்ளே விட்டார்கள். இரண்டு வீட்டிலும் பெண்ணை யாரும் கேட்கவில்லை.

கவுவெட் பதினோரு வயதிலிருந்து தன்னைத்தானே படம்பிடித்தவர். சூப்பர் 8 சுருள்கள், வீடியோ நாடாக்கள், தொலைபேசியில் பதிவான செய்திகள், பழைய புகைப்படங்கள் எல்லாவற்றையும் அள்ளிப்போட்டு, பாட்டும் எழுத்துமாகத் தன் கதையைச் சொல்கிறார். ஃபுஜினோவின் பொறுமை இவரிடம் இல்லை. இவருக்கு அவசரம், ஏனென்றால் இவர் அந்த வீட்டின் குழந்தை. ஒரு காட்சியில் ரெனே சின்னப் பூசணிக்காய் ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு பாடுகிறார், ஆடுகிறார், சிரிக்கிறார், நிறுத்தாமல் பேசுகிறார். கேமரா நகராமல் பார்த்துக்கொண்டே இருக்கிறது. தாயின் நோயை வேடிக்கைப் பொருளாக்கிவிட்டார் என்று பலர் அந்தக் காட்சியைக் குறை சொன்னார்கள். அந்தக் குறையில் நியாயம் உண்டு என்றே நானும் நினைக்கிறேன். கொஞ்சம் முன்னாலேயே வெட்டியிருக்கலாம். ஆனாலும், ரெனேயை வெறும் பாதிக்கப்பட்டவராக மட்டும் காட்டும் படம் அதைவிடப் பெரிய அநீதி செய்திருக்கும். அவர் பாட்டுப் பாடுவார், மகனைக் கிண்டல் செய்வார், எரிச்சலூட்டுவார். படத்தின் கடைசிப் பகுதியில் மகன் அவரை நியூயார்க்கில் தன்னோடு வைத்துக்கொள்கிறார். பிறகு 2011இல் அவரை வைத்து இன்னொரு படமும் எடுத்தார். படம் முடிந்தது, கடமை முடிந்தது என்று அவர் விலகிப் போகவில்லை.

இங்கே சம்மதம் என்ற விஷயத்தைப் பேசியாக வேண்டும். ஆவணப்படம் எடுக்க வந்திருக்கும் இளைஞர்கள் சிலரை முன்வரிசையில் பார்க்கிறேன், அவர்களுக்காகவே கொஞ்சம் நின்று பேசுகிறேன்.

ஜப்பானில் இதைப் பற்றி ஆழமாக யோசித்த இன்னொரு இயக்குநர் கஸுஹிரோ ஸோதா. ஓகயாமா நகரில் யமமோட்டோ மசடோமோ என்ற மூத்த மருத்துவர் நடத்திவந்த சிறிய வெளிநோயாளர் மனநல மருத்துவ நிலையத்தில் 'மென்டல்' என்ற படத்தை எடுத்தார், 2008இல் வெளிவந்தது. பின்னணிக் குரலும் இசையும் அதில் கிடையாது. ஜப்பானியத் தொலைக்காட்சியில் மனநோயாளிகளைக் காட்டினால் முகத்தை மறைத்து மங்கலாக்குவது வழக்கம். ஸோதா அதைச் செய்ய மறுத்தார். முகத்தை மறைத்தால் இவர்கள் பயப்பட வேண்டியவர்கள், அசிங்கமானவர்கள் என்ற எண்ணம்தான் வலுப்படும் என்பது அவர் கட்சி. அதனால் காத்திருக்கும் அறையில் ஒவ்வொருவரிடமும் போய், முகம் தெரிய எடுக்கலாமா என்று கேட்டார். பெரும்பாலானோர் மறுத்தார்கள். சரி என்றவர்களை மட்டும் எடுத்தார். அவர்கள் பேசியதைக் கேட்டால் திடுக்கிடுவீர்கள். தன் கைக்குழந்தைக்குத் தான் செய்ததை ஒரு பெண் சொல்கிறார். படம் வெளிவருவதற்குள் அதில் வந்த சிலர் இறந்தும் போனார்கள். அவர்களை நினைத்துத்தான் படம் முடிகிறது.

வெளியாள் என்பதால் ஸோதா கேட்டுத்தான் ஆக வேண்டும். மகனும் தம்பியும் கேட்க வேண்டுமா? வீட்டில் கேமரா வைத்திருப்பவர் யாரும் ஒவ்வொரு தடவையும் கேட்பதில்லை. பிறந்தநாளுக்கு எடுக்கிறோம், ஊருக்குப் போனால் எடுக்கிறோம். அதே காட்சி திரையரங்கில் ஆயிரம் பேர் முன்னால் ஓடும்போது அது வேறொன்றாகிவிடுகிறது. நோயின் உச்சத்தில் இருந்த அக்கா இதற்குச் சம்மதித்தார் என்று யாரும் சொல்ல முடியாது. படம் மக்கள் முன் வருவதற்கு முன்பே, 2021இல், நுரையீரல் புற்றுநோயால் இறந்துபோனார். அம்மா அதற்கும் முன்பே போய்விட்டார். மிஞ்சியிருந்தவர் அப்பா ஒருவர்தான், அவரிடம் ஃபுஜினோ சம்மதம் கேட்டார்.

ஃபுஜினோ இந்தச் சிக்கலின் கனம் தெரியாதவர் இல்லை என்று நான் நம்புவதற்கு ஒரு காரணம் உண்டு. இடையில் அவர் எடுத்த படங்கள் ஐனு பழங்குடி மக்களைப் பற்றியவை. ஹொக்கைடோ பல்கலைக்கழகத்தின் ஆராய்ச்சியாளர்கள் பல பத்தாண்டுகளுக்கு முன் ஐனு கல்லறைகளைத் தோண்டி எலும்புகளை எடுத்துப்போனார்கள். வழக்காடி, 2016இல் அவற்றில் சிலவற்றைத் தங்கள் ஊரான கினேஉசுவுக்குத் திரும்பக் கொண்டுவந்து புதைத்தார்கள் அந்த மக்கள். அந்தத் திரும்புதலை ஃபுஜினோ படமாக்கினார். அவர் படித்ததும் அதே பல்கலைக்கழகம்தான். பேச முடியாதவர்களிடமிருந்து, படித்தவர்கள் நல்ல நோக்கம் என்று சொல்லிக்கொண்டு எடுத்துக்கொள்வது எப்படி இருக்கும் என்பதை அந்த மயானத்தில் நின்று பார்த்தவர் அவர். அப்படிப்பட்டவர் தன் அக்காவின் குரலை வெளியே கொண்டுவரத் தீர்மானித்தார் என்றால் லேசாகச் செய்திருக்க மாட்டார்.

என் முடிவு இது. மூடி வைத்ததுதான் அக்காவுக்கு நேர்ந்த கேடு. எடுத்த பதிவுகளையும் அலமாரியில் மூடி வைத்திருந்தால் அந்தக் கேடு அவர் இறந்த பிறகும் தொடர்ந்திருக்கும். ஆகவே வெளியிட்டது சரி. ஆனால் இதை யாரும் பொதுவிதியாக எடுத்துக்கொள்ளக் கூடாது. உங்கள் அம்மாவோ அண்ணனோ இன்று பேசும் நிலையில் இருந்தால் இன்றே கேளுங்கள். வேண்டாம் என்றால் கேமராவை வைத்துவிட்டுப் பக்கத்தில் உட்காருங்கள். ஸோதாவிடம் மறுத்தவர்களின் மறுப்பையும் அந்தப் படத்தின் ஒரு பகுதியாகவே நான் மதிக்கிறேன்.

2012இல் ஃபுஜினோ குடும்பத்தைப் பார்த்துக்கொள்வதற்காக சப்போரோவுக்கே திரும்பினார். அதன்பின் வரும் காட்சிகளில் அவர் வந்துபோகும் பிள்ளை இல்லை, வீட்டோடு இருக்கும் பிள்ளை. அக்காவின் இறுதிச் சடங்கையும் எடுத்திருக்கிறார். சவப்பெட்டிக்குள் அப்பா ஓர் ஆராய்ச்சிக் கட்டுரையை வைக்கிறார். மகளை ஆராய்ச்சியாளராகப் பார்க்க ஆசைப்பட்டவர், அவருக்குத் தெரிந்த மரியாதையைச் செய்கிறார். பார்க்கிற நமக்கு ஒரே நேரத்தில் இரக்கமும் ஆத்திரமும் வருகின்றன.

கடைசியில் முதுமையில் தளர்ந்திருக்கும் அப்பாவை உட்காரவைத்து மகன் கேட்கிறார். அக்காவை ஏன் அன்றைக்குக் கூட்டிப்போகவில்லை, என்ன செய்திருக்க வேண்டும் என்று. அப்பா அழுது மன்னிப்புக் கேட்பார் என்று நாம் எதிர்பார்க்கிறோம். சினிமா நம்மை அப்படிப் பழக்கியிருக்கிறது. அவர் கேட்கவில்லை. தாங்கள் தோற்றுவிட்டதாக அவர் ஒப்புக்கொள்ளவில்லை. மகன் அதைத் திருத்தவும் இல்லை, மடக்கவும் இல்லை. கேட்டுக்கொள்கிறார்.

மகன் அங்கே இன்னும் அழுத்தியிருக்க வேண்டும் என்று சொல்கிறவர்கள் உண்டு. நான் அப்படி நினைக்கவில்லை. அவர் ஒரு தீர்ப்பைப் பெறுவதற்காக இருபது ஆண்டு காத்திருக்கவில்லை. அக்கா உயிரோடு இருந்தவரை அந்தக் கேள்வியை எத்தனையோ விதமாகக் கேட்டுவிட்டார், அப்போது ஒரு பதில் வந்திருந்தால் அதற்குப் பயன் இருந்திருக்கும். அப்பாவிடம் கடைசியாகக் கேட்டது, எதிரில் இருக்கும் நமக்காக.

நான் நிறுத்திக்கொள்கிறேன். அடுத்து கலந்துரையாடல். படத்தின் தொழில்நுட்பம் பற்றியோ விழாக்கள் பற்றியோ கேட்க விரும்புகிறவர்கள் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். வீட்டில் ஒருவரைப் பார்த்துக்கொண்டிருப்பவர்கள், சிகிச்சை எடுத்துக்கொண்டிருப்பவர்கள் யாராவது பேச விரும்பினால் முதலில் அவர்கள் பேசட்டும். பெயர் சொல்ல வேண்டியதில்லை. இந்தப் பகுதியை யாரும் பதிவு செய்ய வேண்டாம் என்று சங்கத்தாரிடம் சொல்லியிருக்கிறேன்.